என்டர் பொத்தானில் ஏன் அந்த வளைந்த அம்பு?



பதிவு நீளம். டீ ஆறிப்போனால் நான் பொறுப்பில்லை. கோபத்தோடுதான் எழுதுகிறேன். அந்தக் கோபத்தில் பாதி என் மேலேயே. ஏன் என்பது போகப்போகத் தெரியும்.

போன வாரம் ஒரு பள்ளியில் புதிய கணினி ஆய்வகத்தைத் திறந்துவைக்கக் கூப்பிட்டிருந்தார்கள். பள்ளியின் பெயர் வேண்டாம். ரிப்பன், கத்தரிக்கோல், சால்வை எல்லாம் முறைப்படி நடந்தது. புதுக் கணினிகள் பளபளவென்று வரிசையாக இருந்தன. முதல் வகுப்பையும் என் முன்னாலேயே நடத்திக் காட்டினார்கள். "கீபோர்டு உள்ளீட்டுக் கருவி, மானிட்டர் வெளியீட்டுக் கருவி" என்று ஆசிரியை சொல்ல, பிள்ளைகள் ஒரே குரலில் திருப்பிச் சொன்னார்கள். அப்போது மூன்றாவது வரிசையில் ஒரு பெண் எழுந்தாள். ஏழாம் வகுப்பு இருக்கும்.

"மிஸ், என்டர் கீயில மட்டும் ஏன் அம்பு கீழ இறங்கி இடது பக்கமா வளையுது?"

"அது டிசைன்மா. உட்காரு. சிலபஸ்ல இருக்கிறதைக் கேளு."

மற்ற பிள்ளைகள் சிரித்தார்கள். அவள் உட்கார்ந்துவிட்டாள். அவ்வளவுதான்.

பதில் எனக்குத் தெரியும். சால்வையைப் போர்த்திக்கொண்டு முன்வரிசை நாற்காலியில் உட்கார்ந்திருந்தேன். வாயைத் திறக்கவில்லை. விருந்தாளியாகப் போன இடத்தில் ஒரு ஆசிரியையைப் பிள்ளைகள் முன்னால் திருத்தக் கூடாது என்று எனக்கு நானே ஒரு நியாயம் சொல்லிக்கொண்டேன். அன்று ராத்திரி சாப்பாடு இறங்கவில்லை. அந்த அறையில் அன்று கேட்கப்பட்ட ஒரே நல்ல கேள்வி அது. அதை உட்கார வைத்துவிட்டோம், நானும் சேர்ந்து.

குடும்ப வாட்ஸ்அப் குழுவில் இதைப் புலம்பினேன். தங்கை மகன், பெரிய மென்பொருள் மேலாளர், பதில் போட்டான்: "மாமா, இதெல்லாம் மியூசியம் சமாச்சாரம். பிள்ளைங்க ஏஐ படிக்கட்டும். பழைய தந்தி மெஷின் கதை யாருக்கு வேணும்?" அதற்கு எட்டு பேர் கட்டைவிரல் தூக்கியிருக்கிறார்கள். தூக்கினவர்கள் யார் யார் என்று பார்த்து வைத்திருக்கிறேன். மாப்பிள்ளை, உனக்கும் அந்த எட்டு பேருக்கும் சேர்த்துத்தான் இந்தப் பதிவு.

முதலில் அந்தப் பெண்ணுக்குப் பதில்.

டெலிபிரிண்டரில் காகிதச் சுருள் ஒன்று இருக்கும். அச்சடிக்கும் பாகம் இடமிருந்து வலமாக நகர்ந்துகொண்டே எழுத்தை அடிக்கும். ஒரு வரி முடிந்ததும் இரண்டு காரியம் நடக்க வேண்டும். காகிதம் ஒரு வரி மேலே ஏற வேண்டும். நம் கண்ணுக்கு அது நாம் ஒரு வரி கீழே இறங்குவது. அச்சடிக்கும் பாகம் இடது ஓரத்துக்குத் திரும்பிவர வேண்டும். கீழே இறங்கு, இடது பக்கம் திரும்பு. என்டர் பொத்தானில் இருக்கும் அம்பு அந்த இரண்டு அசைவின் படம். காகிதம் போய்விட்டது, நகரும் பாகமும் போய்விட்டது, படம் மட்டும் நின்றுவிட்டது.

இரண்டு அசைவு என்பதால் இயந்திரத்துக்கு இரண்டு தனித்தனி ஆணை. ஒன்று கேரியேஜ் ரிட்டர்ன், இன்னொன்று லைன் ஃபீட். டெலிடைப் மாடல் 33 என்ற இயந்திரத்தின் விசைப்பலகையில் இரண்டுக்கும் தனித்தனிப் பொத்தானே இருந்தது. அது நொடிக்கு 10 எழுத்து அடிக்கும். ஆனால் வலது கோடியிலிருந்து இடது கோடிக்கு ஓடிவர ஓர் எழுத்தின் நேரத்துக்கும் மேல் ஆகும். அதனால் முதலில் 'திரும்பு' என்று சொல்லிவிட்டு, அது ஓடிவந்துகொண்டிருக்கும்போதே 'காகிதத்தை ஏற்று' என்று சொல்வார்கள். வரிசையை மாற்றினால், அடுத்த எழுத்து வரியின் நடுவில் எங்காவது போய் விழும்.

இது பழங்கதை என்கிறாயா மாப்பிள்ளை? 2009-ல் என்னிடம் பிளஸ் டூ படித்த ஒரு பையன், இப்போது பெங்களூரில் இருக்கிறான், ஒருநாள் ராத்திரி இரண்டு மணிவரை விழித்திருந்த கதையைச் சொன்னான். விண்டோஸ் கணினியில் எழுதிய ஒரு ஸ்கிரிப்டை லினக்ஸ் சர்வரில் ஏற்றினால் ஓடவே மாட்டேன் என்கிறது. எழுத்தில் பிழை இல்லை, நிரலில் பிழை இல்லை. கடைசியில் பார்த்தால் ஒவ்வொரு வரியின் முடிவிலும் கண்ணுக்குத் தெரியாத ஓர் எழுத்து. விண்டோஸ் இன்றும் வரி முடிவில் அந்த இரண்டு ஆணையையும் எழுதுகிறது. யூனிக்ஸ் வழிவந்தவை லைன் ஃபீட் ஒன்றை மட்டும் எழுதுகின்றன. மிச்சம் நின்ற அந்தக் கேரியேஜ் ரிட்டர்ன்தான் அவன் தூக்கத்தைக் கெடுத்தது. விண்டோஸின் நோட்பேடுக்கு யூனிக்ஸ் வரிமுடிவைப் புரிந்துகொள்ள 2018 வரை ஆயிற்று. மியூசியத்தில் இருக்கும் பொருள் யாரையும் ராத்திரி இரண்டு மணிக்கு எழுப்பாது.

அவன் கேட்டான், "சார், எடிட்டர்ல அது கண்ட்ரோல் எம் அப்படின்னு தெரிஞ்சது. ஏன் சார் எம்?" விரல் விட்டு எண்ணச் சொன்னேன். ஆங்கிலத்தில் எம் எத்தனையாவது எழுத்து? 13. கேரியேஜ் ரிட்டர்னின் எண் 13. ஜே எத்தனையாவது? 10. லைன் ஃபீட்டின் எண் 10. ஜி ஏழாவது, 7-ஆம் எண் மணி. மணி என்றால் நிஜமான மணி, இயந்திரத்துக்குள் ஒன்று இருந்தது. பத்திரிகை அலுவலகத்தில் முக்கியச் செய்தி வந்தால் ஆளைக் கூப்பிட அது பலமுறை அடிக்கும். கண்ட்ரோல் பொத்தானின் வேலை, எழுத்தின் குறியீட்டிலிருந்து மேல் பிட்டைக் கழற்றிவிடுவது. அந்த விதியை யாரும் மனப்பாடம் செய்யவே வேண்டாம், எண்ணத் தெரிந்தால் போதும். போனில் அவன் "அட!" என்றான். அந்த "அட"வுக்காகத்தான் நான் வாத்தியார் வேலைக்கு வந்தேன்.

இப்போது சண்டைக்கு வருகிறேன்.

கணினி வரலாறு என்று நாம் பிள்ளைகளுக்குக் கொடுப்பது என்ன? சார்லஸ் பாபேஜ் தந்தை. பிறகு ஐந்து தலைமுறை: வெற்றிடக் குழல், டிரான்சிஸ்டர், ஒருங்கிணைந்த சுற்று, நுண்செயலி, செயற்கை நுண்ணறிவு. ஐந்து வரி, ஐந்து மதிப்பெண். அதற்கு மேல் தெரிய வேண்டுமென்றால் யூடியூபில் கராஜ் கதை: இரண்டு பையன்கள் ஒரு கார் கொட்டகையில் உட்கார்ந்து உலகத்தை மாற்றினார்கள். இந்த இரண்டு கதையிலும் பொய் என்று தனியாக ஒரு வரியைச் சுட்டிக்காட்ட முடியாது. ஆனால் இரண்டிலும் ஒரு பெரிய ஓட்டை. மனுஷன் இந்தப் பெட்டியோடு பேசினது எப்படி? எந்தக் கருவியை வைத்து? அதைச் செய்தது யார்? அந்தப் பக்கத்தையே கிழித்துவிட்டார்கள். கிழிந்த பக்கத்தில் இருந்தவர்கள் தந்திக்காரர்கள்.

கணினி என்று ஒன்று வருவதற்கு வெகு முன்பே இந்த வேலை நடந்துகொண்டிருந்தது. பிரான்சில் எமில் போதோ என்ற தந்தி ஊழியர் 1874-ல் காப்புரிமை பெற்ற முறையில் ஒவ்வொரு எழுத்துக்கும் ஐந்து குறிகள்; ஒவ்வொரு குறியும் உண்டு அல்லது இல்லை. ஐந்து இடம், இரண்டு நிலை, 2-இன் 5-ஆம் அடுக்கு, 32. இரும எண் என்று நாம் கணினிப் பாடத்தில் தொடங்குகிறோமே, அது தந்திக் கம்பியில் ஏற்கெனவே ஓடிக்கொண்டிருந்தது. போதோவின் பெயர்தான் 'பாட்' என்ற அலகில் இருக்கிறது. 1901-ல் நியூசிலாந்துக்காரர் டொனால்ட் மரே தட்டச்சு விசைப்பலகையையும் துளையிட்ட காகித நாடாவையும் இதோடு சேர்த்தார். வரி திருப்பும் ஆணைகள் குறியீட்டுக்குள் நுழைந்தது அவர் கையால். பிறகு சிகாகோவில் உப்பு வியாபாரி ஜாய் மார்ட்டனின் பணமும் சார்லஸ் கிரம் என்ற பொறியாளரின் மூளையும் சேர்ந்து மார்க்ரம் என்ற நிறுவனம். (மார்ட்டன் பாதி, கிரம் பாதி. நம் ஊர் ஜவுளிக்கடைகள் போலத்தான் பெயர் வைத்திருக்கிறார்கள்.) அது 1928-ல் டெலிடைப் கார்ப்பரேஷன் ஆயிற்று.

கிரமின் மகன் ஹோவர்ட் ஒரு பெரிய சிக்கலைத் தீர்த்தவர். இரண்டு ஊரில் இரண்டு மோட்டார்கள் ஒரே வேகத்தில் எப்போதும் சுற்றாது. சிறு வித்தியாசம் சேர்ந்து சேர்ந்து எழுத்து மாறிவிடும். அவர் வழி: ஒவ்வொரு எழுத்துக்கும் முன்னால் 'தொடங்கு' என்று ஒரு குறி, பின்னால் 'நில்' என்று ஒரு குறி. தொடக்கக் குறி வந்ததும் கிளட்ச் விடுபட்டுத் தண்டு ஒரே ஒரு சுற்று சுற்றி, நின்று, அடுத்ததற்குக் காத்திருக்கும். ஒரு சுற்றுக்குள் எவ்வளவு பிசகிவிடப் போகிறது? மாடல் 33-ல் ஒரு தொடக்கக் குறி, எட்டுத் தரவுக் குறி, தண்டு அடங்கி நிற்க நேரம் கொடுக்க இரண்டு நிறுத்தக் குறி. மொத்தம் 11. நொடிக்கு 10 எழுத்து. அதனால்தான் 110 பாட். அறிவியல் கண்காட்சிக்கு ஆர்டுவினோ கொண்டுவரும் பிள்ளைகள் சீரியல் போர்ட்டில் 'ஸ்டார்ட் பிட், ஸ்டாப் பிட்' என்று சொல்கிறார்கள். ஏன் என்று கேட்டால் விழிக்கிறார்கள். எண்ணெய் போட்ட ஒரு கிளட்ச் நிற்பதற்காக வந்தது தம்பி அது.

அந்த இயந்திரத்துக்குள் அநேகமாக மின்னணுவியல் என்று ஒன்றும் இல்லை. ஒரு மோட்டார், மின்காந்தம், நெம்புகோல்கள், வில்கள். ஒரு பொத்தானை அழுத்தினால் இரும்புப் பட்டைகள் நகர்ந்து குறியீட்டை அமைக்கும். பெறும் பக்கத்தில் எழுத்துகள் பொறித்த ஓர் உருளை உயர்ந்து திரும்பி நிற்க, சின்னச் சுத்தியல் ஒன்று பின்னாலிருந்து தட்டும். இரும எண்ணை எழுத்தாக மாற்றும் வேலையை இரும்பே செய்தது. நம் சித்தப்பா தந்தி அலுவலகத்தில் டெலிபிரிண்டர் ஆபரேட்டராக இருந்தது உறவுகளுக்குத் தெரியும். (மாப்பிள்ளை, உனக்குச் சின்னத் தாத்தா.) பள்ளி விடுமுறையில் அவரோடு போய் உட்கார்ந்திருக்கிறேன். தையல் மெஷின் இருபதை ஒரே அறையில் ஓட்டினால் எப்படி இருக்குமோ அப்படி ஒரு சத்தம், எண்ணெய் வாசனை. நாடாவில் துளையிட்டு விழும் பொட்டுப் பொட்டான காகிதத்தை உறையில் போட்டுத் தருவார். கோயில் தேருக்குப் பூவுக்குப் பதில் நாங்கள் அதைத்தான் தூவினோம். வீட்டில் அவரைப் பற்றி என்ன சொல்வார்கள்? "அவன் தந்தி ஆபீஸ்ல டைப் அடிக்கிறான்." அவ்வளவுதான் மதிப்பு.

அதே 1960-ல் நம் கிண்டியில் ஹிந்துஸ்தான் டெலிபிரிண்டர்ஸ் என்ற பொதுத்துறைத் தொழிற்சாலையைத் தொடங்கினார்கள். அந்தச் சாலையில் போய்வந்த எத்தனை பேருக்கு உள்ளே நடந்தது என்ன என்று தெரியும்? நுண்மையான இரும்பு வேலை அது. அதைச் செய்தவர்களை ஃபிட்டர் என்றோம், அத்தோடு விட்டுவிட்டோம்.

சரி, இந்தத் தந்தி இயந்திரம் கணினிக்குள் எப்படி வந்தது? பின்வாசல் வழியாக இல்லை, முன்வாசல் வழியாகவே வந்தது.

1940 செப்டம்பர். அமெரிக்காவில் ஹானோவர் என்ற சிற்றூர், டார்ட்மத் கல்லூரி, கணிதக் கழகத்தின் கூட்டம். பெல் ஆய்வகத்தின் ஜார்ஜ் ஸ்டிபிட்ஸ், தொலைபேசி ரிலேக்களைக் கொண்டு கலப்பெண்களைக் கணக்கிடும் இயந்திரம் ஒன்றைக் கட்டியிருந்தார். இயந்திரம் இருந்தது நியூயார்க்கில். அதைத் தூக்கிக்கொண்டு போக முடியாது. அவர் எடுத்துப்போனது ஒரு டெலிடைப். கூட்டத்தில் இருந்தவர்கள் கணக்கை அதில் அடித்தார்கள். கம்பி வழியாக நியூயார்க் போய், விடை அதே காகிதத்தில் அச்சாகி வந்தது. தூரத்திலிருந்து கணிப்பொறியைப் பயன்படுத்தியது உலகத்தில் அதுதான் முதல் முறை. 1940 மாப்பிள்ளை! நீ 'கிளவுட்' என்று சொல்லும்போதெல்லாம் எனக்கு இதுதான் ஞாபகம் வரும். அந்தக் கூட்டத்தில் நார்பர்ட் வீனர் இருந்தார், ஜான் மாக்லியும் இருந்தார். பின்னால் எக்கர்ட்டோடு சேர்ந்து எனியாக்கை உருவாக்கிய அதே மாக்லி.

போர்க்காலத்தில் இங்கிலாந்தின் பிளெட்ச்லி பார்க்கில் கொலாசஸ் படித்தது என்ன? டெலிபிரிண்டர் நாடா. ஜெர்மானியரின் லோரன்ஸ் ரகசியக் குறியீடு டெலிபிரிண்டர் செய்திகளுக்கானது; அதை உடைக்கக் கட்டிய இயந்திரம் ஐந்து துளை நாடாவை நொடிக்கு 5000 எழுத்து வேகத்தில் விழுங்கியது. அதை இயக்கியவர்கள் கடற்படை மகளிர் பிரிவின் பெண்கள். கட்டியவர் டாமி ஃபிளவர்ஸ், தபால் துறையின் தொலைபேசிப் பொறியாளர். 1949-ல் கேம்பிரிட்ஜில் எட்சாக் ஓடியபோதும் நிரல் போனது ஐந்து துளை நாடாவில். விடை வந்தது டெலிபிரிண்டரில். மான்செஸ்டர் இயந்திரத்துக்கு நிரல் எழுதியவர்களை ஆலன் டூரிங் டெலிபிரிண்டர் குறியீட்டிலேயே எண்களை எழுதிப் பழக வைத்தார். ஐந்து தலைமுறைப் பட்டியலில் இதில் எதற்காவது ஒரு வரி உண்டா?

1950-களில் பெரும்பாலான இடங்களில் அட்டைதான் ஆட்சி செய்தது. நிரலை அட்டைகளில் துளைத்து, கட்டாகக் கட்டி, ஜன்னலில் கொடுத்துவிட்டு, மறுநாள் வந்து வாங்க வேண்டும். ஓர் எழுத்து தப்பென்றால் இன்னொரு நாள். ரேஷன் கடை வரிசையை நினைத்துக்கொள்ளுங்கள். கணினி ஒருவரோடு பேசாது. அதனிடம் மனு போட வேண்டும். இதை உடைத்தது நேரப் பகிர்வு. எம்ஐடியில் ஃபெர்னாண்டோ கோர்பாடோ 1961-ல் காட்டியது போல, ஒரே கணினி பலருக்கும் மாறி மாறிக் கவனம் கொடுக்கும். நல்ல யோசனை. ஆனால் அந்தப் பலரும் எதன் முன்னால் உட்காருவார்கள்? ஆளுக்கு ஒரு கருவி வேண்டும், விலை மலிவாக, தொலைபேசிக் கம்பியில் பேசுகிற மாதிரி. தந்திக்காரர்கள் அதைத் தயாராக வைத்திருந்தார்கள். 1963-ல் ஆஸ்கி குறியீடு வந்தது, அதே ஆண்டில் அதைப் பேசும் மாடல் 33-ம் வந்தது.

அடுத்த ஆண்டு, 1964 மே 1, விடியற்காலை நான்கு மணி. இடம் அதே டார்ட்மத் கல்லூரி. ஸ்டிபிட்ஸ் டெலிடைப்போடு வந்திறங்கிய அதே ஊர். ஜான் கெமனி, தாமஸ் கர்ட்ஸ் என்ற இரண்டு கணித ஆசிரியர்களும் அவர்களுடைய மாணவர்களும் பேசிக் மொழியை ஓட்டினார்கள். கெமனியின் பிடிவாதம் என்னவென்றால், வரலாறும் இலக்கியமும் படிக்கிற பிள்ளையும் கணினியைத் தொட வேண்டும். அந்தப் பிள்ளைகள் உட்கார்ந்தது டெலிடைப் முன்னால். பேசிக்கில் 'பிரிண்ட்' என்று எழுதினால் நிஜமாகவே காகிதத்தில் அச்சாகும். இன்று பைத்தான் வகுப்பின் முதல் நாளே நம் பிள்ளைகள் 'பிரிண்ட்' என்று எழுதுகிறார்கள். காகிதம் எங்கே, அச்சு எங்கே என்று எந்தப் பிள்ளையாவது கேட்டால், அதையும் உட்கார வைத்துவிடுவோம்.

கராஜ் கதைக்கும் வருகிறேன். 1968-ல் சியாட்டிலின் லேக்சைடு பள்ளியில் அம்மாக்கள் சங்கம் பழைய சாமான் விற்பனை நடத்திச் சேர்த்த பணத்தில் பள்ளிக்கு ஒரு டெலிடைப் மாடல் 33-ம் கணினி நேரமும் வாங்கினார்கள். கணினி வேறெங்கோ இருந்தது. பள்ளியில் இருந்தது தொலைபேசி இணைப்போடு அந்த இயந்திரம் மட்டுமே. அதன் முன்னால் போய் உட்கார்ந்த எட்டாம் வகுப்புப் பையன் பில் கேட்ஸ், அவனைவிட மூத்தவன் பால் ஆலன். 1975-ல் இருவரும் ஆல்டேருக்கு எழுதிய பேசிக் மொழியை ஆலன் காகித நாடாவில்தான் எடுத்துப் போனார். கொட்டகையை எல்லோரும் படம் எடுக்கிறார்கள். பழைய சாமான் விற்ற அம்மாக்களுக்கு ஒரு படம் உண்டா? நம் பெற்றோர் ஆசிரியர் கழகக் கூட்டங்களில் இதைச் சொல்லலாமே என்று எனக்கு எப்போதும் தோன்றும்.

1971-ல் ரே டாம்லின்சன் மின்னஞ்சல் முகவரிக்கு @ குறியைத் தேர்ந்தெடுத்தபோது, அது அவருக்கு முன்னாலிருந்த டெலிடைப் விசைப்பலகையில் ஏற்கெனவே இருந்தது. கென் தாம்சனும் டென்னிஸ் ரிச்சியும் பெல் ஆய்வகத்தில் யூனிக்ஸைச் செய்ததும் மாடல் 33 முன்னால் உட்கார்ந்துதான். அந்தப் புகைப்படம் இன்றும் பிரபலம். யூனிக்ஸ் ஆணைகள் எல்எஸ், சிபி, ஆர்எம் என்று ஏன் இவ்வளவு குட்டை? நொடிக்கு 10 எழுத்து இயந்திரத்தில் உட்கார்ந்து, விறைப்பான அந்தப் பொத்தான்களை நாள் முழுக்க அழுத்திப் பாருங்கள், நீங்களும் குட்டையாக்குவீர்கள். ஈடி என்ற அவர்களுடைய திருத்தி, தப்பு செய்தால் ஒரே ஒரு கேள்விக்குறியை அடிக்கும். அவ்வளவுதான் விளக்கம். 72 எழுத்தில் ஒரு வரி விளக்கம் அச்சாக ஏழு நொடிக்கு மேல் ஆகுமே!

லினக்ஸில் முனையத்தின் பெயர் இன்றும் டிடிஒய். டெலிடைப்பின் சுருக்கம். நீங்கள் தினமும் திறக்கும் கறுப்பு ஜன்னல், ஒரு டெலிடைப் போல நடிக்கிற கண்ணாடித் திரையைப் போல நடிக்கிற ஒரு நிரல். புதிதாக வேலைக்குச் சேரும் பிள்ளைகள் பழக்கதோஷத்தில், சேமிப்பதற்காக அதில் கண்ட்ரோல் எஸ் அழுத்துவார்கள், ஜன்னல் உறைந்துபோகும். பயந்து மூடிவிடுவார்கள். அது நாடா படிப்பானை நிறுத்தும் ஆணை அம்மா. கண்ட்ரோல் கியூ அழுத்து, மறுபடி ஓடும்.

எனக்கு மிகவும் பிடித்ததை மறக்காமல் சொல்லிவிடுகிறேன். காகித நாடாவில் தப்பான எழுத்தைத் துளைத்துவிட்டால் எப்படி அழிப்பது? துளையை மூட முடியாது. ஆனால் மிச்சத் துளைகளையும் போட முடியும். ஏழு இடத்திலும் துளை போட்டுவிடு. ஏழும் திறந்திருந்தால் 'இதை எண்ணாதே' என்று பொருள். ஏழு ஒன்றுகள், இரும எண்ணில் 127. ஆஸ்கி பட்டியலில் மற்ற கட்டுப்பாட்டு ஆணைகள் எல்லாம் 0 முதல் 31 வரை கூட்டமாக இருக்க, அழிப்பதற்கான டெலீட் மட்டும் ஏன் தன்னந்தனியாக 127-ல் போய் உட்கார்ந்திருக்கிறது என்று புரிகிறதா? இதைச் சொன்னால் பத்து வயதுப் பிள்ளைக்கும் இரும எண் புரியும்.

மாப்பிள்ளையின் ஏஐ பற்றியும் ஒரு வார்த்தை. நீ அதனோடு எப்படிப் பேசுகிறாய்? ஒரு வரி அடிக்கிறாய், என்டர் தட்டுகிறாய், பதில் கீழே எழுத்தெழுத்தாக ஊர்ந்து வருகிறது. 1940-ல் ஹானோவரில் அவர்கள் செய்ததும் அதே. 1966-ல் ஜோசப் வைசன்பாம் எம்ஐடியில் எழுதிய எலைசா, மனுஷரோடு உரையாடுவது போல நடித்த அந்த முதல் நிரலும், தட்டச்சு முனையத்தில்தான் பேசியது. நீ புதிது புதிது என்று குதிக்கிற விஷயத்தின் உருவமே சின்னத் தாத்தாவின் மேஜையிலிருந்து வந்தது.

நான் அந்த இயந்திரத்துக்குக் கோயில் கட்டச் சொல்லவில்லை. அது மெதுவானது, காதைக் கிழிக்கும், பெரிய எழுத்து மட்டுமே அடிக்கும். 1970-களின் கடைசியில் திரை முனையங்கள் மலிந்ததும் அது தோற்றது, தோற்க வேண்டியதுதான். நம் நாட்டில் தந்தி 2013 ஜூலையில் முடிந்தபோதும் நான் கண்ணீர் விடவில்லை. நம் வீட்டுக்கு வந்த தந்திகளில் பாதி சாவுச் செய்தி. என் வழக்கு வேறு. இன்று ஓடுகிற ஒன்றின் காரணத்தை மறைத்து, அதன் பெயரை மட்டும் மனப்பாடம் செய்யச் சொல்கிறோம். காரணம் கேட்ட பிள்ளையை உட்காரச் சொல்கிறோம். கையால் வேலை செய்தவர்களின் அறிவை வரலாற்றிலிருந்து வெட்டிவிட்டு, பிறகு "நம் பிள்ளைகள் யோசிப்பதே இல்லை" என்று மேடையில் பேசுகிறோம்.

"சார், இதற்கெல்லாம் நேரம் எங்கே, பாடம் முடிக்க வேண்டாமா" என்று இப்போது ஆசிரியராக இருக்கும் என் மாணவிகள் இரண்டு மூன்று பேர் கேட்பார்கள். தெரியும். அம்பின் கதையைச் சொல்ல எனக்கு வீட்டில் கடிகாரம் வைத்துப் பார்த்தால் நான்கு நிமிடம் ஆனது. ஐந்து தலைமுறையை ஒப்பிக்க வைக்க அதைவிட அதிகம் ஆகும்.

இப்போது என் மேல் உள்ள கோபம். இயற்பியலோடு கணினி வகுப்பும் சேர்த்து எடுத்த பதினோரு வருஷம் நானும் அதே பட்டியலைத்தான் ஒப்பிக்க வைத்தேன். உங்களில் பலர் நோட்டில் என் கையெழுத்திலேயே அது இருக்கும். 'மானிட்டர் வெளியீட்டுக் கருவி' என்று எழுதாததற்கு ஒரு பையனை பெஞ்ச் மேல் நிற்க வைத்திருக்கிறேன். 'திரை இல்லாத கணினி இருக்க முடியுமா சார்' என்று அவன் கேட்டிருந்தான். இருந்தது தம்பி, முப்பது வருஷம் இருந்தது. என் சித்தப்பா தினமும் தொட்டுக்கொண்டிருந்த இயந்திரத்தின் சொந்தக்காரன் அது. அவர் வீட்டுத் திண்ணையில் உட்கார்ந்து ஐந்து துளைக் குறியீட்டைப் பார்த்த மாத்திரத்தில் படித்துக் காட்டுவார். நான் வகுப்பில் இரும எண் நடத்தும்போது ஒருநாள்கூட அவரைக் கூப்பிட்டு நிறுத்தவில்லை. "டைப் அடிக்கிறவர்தானே" என்று நானும் நினைத்திருக்கிறேன் போல. அவர் போய் ஒன்பது வருஷம் ஆகிறது. அந்தப் பையன் இதைப் படித்தால் எனக்கு ஒரு போன் செய்.

அந்தப் பள்ளித் தலைமை ஆசிரியைக்கு நேற்று போன் செய்தேன். நல்ல மனுஷி. வியாழக்கிழமை கடைசிப் பீரியடைத் தருகிறேன் என்றார். கணினி ஆசிரியையிடமும் பேசினேன். அவருக்கும் யாரும் சொல்லித் தரவில்லை, அவர் மேல் என்ன தப்பு. "சார், எனக்கும் அன்னிக்கு ராத்திரி அந்தக் கேள்வி மனசுல ஓடுச்சு" என்றார்.

காகிதக் கீற்றுகளும், பைல் துளைக்கும் பன்ச் ஒன்றும் எடுத்துப் போகிறேன். ஆளுக்கு ஒரு கீற்று. ஆங்கில எழுத்தில் அவரவர் பெயரை ஏழு இடக் குறியீட்டில் துளைக்க வேண்டும். நேற்று என் பெயரைத் துளைத்துப் பார்த்தேன். மூன்றாவது எழுத்தில் தப்பு. ஏழு துளையும் போட்டு அழித்துவிட்டு மேலே போனேன். நாற்பது பிள்ளைகளுக்கு ஒரு பன்ச் போதாது. சின்னத் துளை விழுகிற பன்ச் யாரிடமாவது இருந்தால் புதன்கிழமைக்குள் வீட்டில் கொண்டுவந்து கொடுங்கள். திருப்பித் தந்துவிடுவேன்.